ஒரு வீட்டுக்கு ஒரு திறப்பு

அன்புள்ள யதுஷா,

அம்மா ஏன் கிருலப்பனையில் சின்னம்மா வீட்டிலிருந்து உன்னோடு கதைக்கிறார் என்று கேட்டிருந்தாய். நடந்ததை ஒழுங்கு பிசகாமல் எழுதுகிறேன். உனக்குத் தெரிந்தவையும் இடையில் வரும். அவற்றை விட்டால் நான் செய்தது சின்னதாகத் தெரியும்.

வெள்ளவத்தையில் தண்டவாளத்துக்கு அப்பால் அலைக்குள் நிற்கும் இரும்புக் கதவு, ஐந்து வருடங்களுக்கு முன் ஒரு மத்தியானம் தானாகத் திறந்து, கரையில் நின்ற நாற்பத்தொரு பேரை உள்ளே வாங்கி மூடிக்கொண்டது. உன் தம்பி பிரியந்தன் அவர்களில் ஒருவன். அந்தக் கதவின் பூட்டுக்குப் போடும் திறப்பை அடிக்கக்கூடிய உலை ஒன்றே ஒன்றுதான், கொட்டாஞ்சேனையில் ஜவாஹிறா என்பவரின் பட்டறையில் இருக்கிறது. ஒரு வீட்டுக்கு ஒரு திறப்பு. ஒரு திறப்புக்கு ஒரு தடவை, ஓர் ஆள். விண்ணப்பத்தோடு கொழும்பு விலாசத்துக்கான கிராம அலுவலரின் சான்றிதழும் வேண்டும். நான்கு வருடங்கள் காத்திருந்த பிறகு எங்கள் முறை வந்தது.

அந்த உலைக்குக் கரி போடுவதில்லை. வீட்டாள் ஒருவர் மூன்று நாள் துருத்தி இழுக்க வேண்டும். ஒவ்வோர் இழுப்புக்கும் உள்ளே இருப்பவரின் பெயரை உரத்துச் சொல்ல வேண்டும். அந்த மூச்சில்தான் தீ எரியும்.

நம் வீட்டில் எதற்குத்தான் நாமே போய் நின்றிருக்கிறோம்? உன் கடவுச்சீட்டு வரிசையில் விடியமுன்னம் போய் நின்றது நான் பிடித்துவிட்ட ஓர் ஆள். தம்பியின் பாடசாலைப் படிவத்துக்கு நின்றதும் அப்படித்தான். வியர்த்து ஒழுகும் சட்டையோடு, தெரிந்தவர்கள் போய்வரும் தெருவில், மகன் பெயரைக் கத்திக்கொண்டு நிற்க எனக்குக் கூச்சமாக இருந்தது. நெஞ்சு இழுக்கிறது என்று எனக்கே ஒரு காரணம் சொல்லிக்கொண்டேன். அம்மாவுக்கு அதைக்கூடச் சொல்லவில்லை.

புறக்கோட்டையில் மூட்டை தூக்கும் இராமரைப் பிடித்தேன். மலைநாட்டுக்காரர், ஐம்பது வயதிருக்கும்.

"எங்க தங்கச்சி ரூபிகாவும் உள்ளதாங்கய்யா இருக்கு. வெள்ளவத்தையில வீட்டு வேலைக்கு நின்னிச்சு," என்றார். "எனக்குக் கொழும்பு விலாசம் இல்லீங்க. தேயிலைத் தோட்டத்து லயத்து விலாசம் செல்லாதுன்னுட்டாங்க."

"அப்படியோ," என்றேன். வேறொன்றும் கேட்கவில்லை. பெயரைப் பிழையில்லாமல் சொல்லப் பழக்கினேன்.

பட்டறையில் ஜவாஹிறா இராமரை மேலும் கீழும் பார்த்தார். "இவர் வீட்டாளா?"

"ஓம், என்ர தம்பி."

"தம்பிக்கு இந்தத் தோள் எங்கேந்து வந்திச்சு மாஸ்டர்? உங்களப் பாத்தா பேனை தூக்கவே மூச்சு வாங்குற ஆள் மாதிரி இரிக்கி."

பட்டறையே சிரித்தது. நானும் சிரித்தேன். மூன்று நாளும் எதிர்த் தேத்தண்ணிக் கடையில் இருந்து பத்திரிகை வாசித்தேன். இராமர் ஓர் இழுப்பிலும் குறை வைக்கவில்லை. "பிரியந்தன், பிரியந்தன்" என்று அவர் கூப்பிட்டது தெருமுனைவரை கேட்டது. ஒவ்வொரு தடவையும் தீ பச்சையாக எழும்பிற்று.

சனிக்கிழமை காலை அம்மாவும் நானும் இடுப்பளவு தண்ணீரில் நின்றோம். அம்மாவின் தோள்பையில் தம்பியின் சட்டை ஒன்று இருந்தது. திறப்பை அவரே திருப்பினார். கதவு ஒரு முழம் விலகியது. ஒரு பெண் வந்து அம்மாமேல் விழுந்தாள். கதவு மூடிக்கொண்டது. அம்மா இரண்டு கையாலும் அதை அடித்தார். திறப்பு உப்பைப்போலக் கரைந்து போயிற்று.

"அண்ணன் எங்கங்க?" என்றாள் அந்தப் பெண்.

"ஆர் பிள்ளை உன்ர அண்ணன்?"

"இராமருங்க. மூணு நாளா அவரு சத்தந்தான் உள்ள கேட்டுச்சு. வேற யாரு பேரையோ கூப்பிட்டாரு. பேரு எதுவா இருந்தா என்னங்க, எங்க அண்ணன் குரல் எனக்குத் தெரியாதா? கதவ விட்டு நகரவே இல்ல."

அம்மா என்னைப் பார்த்தார். "ஆர் இராமர்?"

தண்ணீரில் நின்றபடியே எல்லாவற்றையும் சொன்னேன். அம்மா ரூபிகாவிடம் திரும்பினார். "அந்தப் பேருக்குரிய பிள்ளை உள்ளுக்கு இருக்கோ?"

"இருக்காருங்க. மொத நாளு தன் பேரக் கேட்டுட்டு ஓடி வந்தாரு. கொஞ்ச நேரம் காதக் குடுத்துக் கேட்டாரு. 'இது எங்கட அப்பாட குரல் இல்ல, வேற ஆரோ பிரியந்தன்' அப்பிடின்னுட்டுத் திரும்பிப் போய் ஒக்காந்துட்டாரு."

அம்மா தம்பியின் சட்டையை எடுத்து, நடுங்கிக்கொண்டிருந்த ரூபிகாவுக்குப் போட்டுவிட்டார்.

"பிள்ளையைக் கூப்பிடவுமோ ஆள் பிடிச்சனீங்கள்?" என்றார் என்னிடம். அதற்குப் பிறகு என்னோடு கதைக்கவில்லை. ரூபிகாவைப் புறக்கோட்டை பஸ்ஸில் ஏற்றிக்கொண்டு போய் இராமரிடம் விட்டிருக்கிறார். அங்கிருந்து நேரே சின்னம்மா வீடு.

திங்கட்கிழமை நான் பட்டறைக்குப் போனேன்.

"திறப்பு பழுதா?" என்று கேட்டார் ஜவாஹிறா.

"இல்லை."

"கதவு திறந்திச்சா?"

"திறந்தது."

"அப்ப நான் என்ன செய்ய, மாஸ்டர்? தம்பின்டு சொன்னது நீங்கதானே." புத்தகத்தைத் திருப்பிக் காட்டினார். எங்கள் வீட்டு விலாசத்தின் மேல் கோடு கிழித்திருந்தது.

அம்மா என்னைப் பற்றி ஏதும் சொன்னால் நீ குறுக்கே பேசாதே. இராமர் மேலும் ரூபிகா மேலும் எனக்குக் கோபம் இல்லை என்று எழுத விரும்பினேன். எழுதினால் பொய்யாகிவிடும். அந்தப் பிள்ளை வந்ததில் சந்தோஷப்பட என்னால் இன்னும் முடியவில்லை.

இப்போது தினமும் காலையில் கடற்கரைக்குப் போகிறேன். அலுவலகம் போகிறவர்கள் தண்டவாளத்தில் நின்று பார்க்கப் பார்க்க, கதவில் வாயை வைத்து அவனைக் கூப்பிடுகிறேன். எனக்குக் கூச்சம் ஒன்றும் இல்லை. துருத்தி இல்லாமல் குரல் உள்ளே போகாது என்று ஜவாஹிறா சொல்லிவிட்டார்.

அப்பா