நடுவில் விழுந்த பெயர்

கணங்களின் வெட்டை விளக்க ஆப்பிளும் பேரிக்காயும் போதும் என்று ஒன்பதாம் வகுப்புப் பாடநூல் கருதியது. கணக்கு ஆசிரியை ஜிப்பார் அவ்வாறு கருதவில்லை. நாரின் என்ற மலைநகரத்துப் பிள்ளைகளுக்கு ஆப்பிளைவிட நன்றாகத் தெரிந்தவை அவரவருடைய ஏழு தந்தையரின் பெயர்கள். தகப்பன், தகப்பனின் தகப்பன் என்று ஏழாம் தலைமுறைவரை மூச்சுவிடாமல் ஒப்பிப்பார்கள். அந்த ஏழுக்குள் ஒரே முன்னோன் இருவருக்கும் வந்துவிட்டால் அவர்கள் உடன்பிறப்புகள், மணம் கூடாது. ஆகவே, இரண்டு வட்டங்கள் வெட்டிக்கொள்வதன் பொருளை இந்தப் பிள்ளைகளுக்குப் புதிதாகக் கற்பிக்க வேண்டியதில்லை என்பது அவள் வாதம். வாதம் சரியானது. கோளாறு அதில்தான் இருந்தது.

கரும்பலகையில் இரண்டு வட்டங்கள் வரைந்து, இடது வட்டத்தில் தன் ஏழு பேரையும் எழுதினாள்.

"வலது வட்டம் யாரோடது வேணும்?"

"பக்கத்து கிளாஸ்ல இருக்கே, டீச்சர்!"

வகுப்பு சிரித்தது. புவியியல் ஆசிரியன் உலுக்பெக்கின் தாய் வரும் சனிக்கிழமை ஜிப்பாரின் காதில் நிச்சயக் கம்மல் போட வருகிறாள் என்பது பள்ளி முழுக்கத் தெரிந்த செய்தி. கடைசி வரிசை ஓடிப்போய் அவனை அழைத்துவந்தது. அவன் சுண்ணக்கட்டியை வாங்கி, வரைபடத்தில் ஆறுகளின் பெயரை நிரப்புபவனைப் போல ஏழு பெயர்களை நிறுத்தாமல் எழுதினான்.

இருபுறமும் இருந்த ஒரு பெயரைத் துடைத்து நடுப்பகுதிக்கு மாற்றியது ஜிப்பாரின் கை. அது ஆசிரியத் தொழிலின் பழக்கம். எழுதி முடித்த பிறகே படித்தாள். சத்திபால்தி. அவளுக்கு ஏழாமவர், அவனுக்கு ஆறாமவர்.

முன்வரிசைப் பெண்ணொருத்தி எழுந்தாள். "அப்ப நீங்க ரெண்டு பேரும் அண்ணன் தங்கச்சியா, டீச்சர்?"

"உட்காரு. வெட்டுல எத்தன உறுப்பு?"

"ஒண்ணு."

"எழுதிக்கோ."

பிற்பகல் இடைவேளைக்குள் செய்தி உரிய இடத்தை அடைந்திருந்தது.

"அம்மா கம்மல் பெட்டிய மூடி வச்சுட்டாங்களாம்," என்றான் உலுக்பெக், நடைக்கூடத்தில்.

"உன் மேப்புல ஒரே பேர்ல ரெண்டு ஊர் இருக்காதா?"

"எத்தனையோ இருக்கு. ஆனா ஊருக்குத் தாத்தா கிடையாதே, ஜிப்பார்."

பிள்ளைகள் தத்தம் ஏழு தந்தையரையும் வட்டத்தில் எழுதியிருந்த இருபத்தாறு நோட்டுகளையும் அவள் வாங்கித் திருத்த உட்கார்ந்தாள். பதினொன்றில் சத்திபால்தி இருந்தார். 'விலைக்கு வாங்கினார்' என்பது அந்தப் பெயரின் பொருள். பிறந்த குழந்தைகள் அடுத்தடுத்து இறந்த வீட்டில், புதிதாய்ப் பிறந்ததை அண்டை வீட்டாருக்குக் கொடுத்துத் திரும்ப வாங்கியதாக நடித்து, சாவை ஏமாற்ற வைக்கும் பெயர். எனவே அது பல வீடுகளில் இருப்பது இயல்பு. ஆனால் பதினோரு வீட்டிலும் சரியாக ஆறாம் அல்லது ஏழாம் இடத்திலா? சாவு அவ்வளவு ஒழுங்காக வேலை செய்வதில்லை.

மறுநாள் அந்தப் பதினொருவரையும் கேட்டாள். "இத வீட்ல யார் எழுதிக் குடுத்தாங்க?"

பதில் ஒன்றாகவே வந்தது. "மாட்டு டாக்டர் தாத்தா."

மாட்டு டாக்டர், அவளுடைய பெரியப்பா துர்தகுன். தந்தை இறந்தபின் அவள் திருமணத்தில் முடிவு சொல்ல வேண்டியவரும் அவரே. சோவியத் ஆட்சி கலைந்த ஆண்டுகளில் ஊருக்குத் திடீரென முன்னோர்கள் தேவைப்பட்டபோது, ஒரு பொட்டலம் தேயிலையோடு வந்தவர்களுக்கெல்லாம் ஏழு தந்தையரை எழுதிக் கொடுத்தவர்.

நாட்காட்டித் தாளின் பின்புறம் அவள் வரைந்து கொண்டுபோன படத்தை அவர் கண்ணாடி மாட்டிப் பார்த்தார்.

"என்னம்மா இது, பூவா?"

"நம்ம ஊரு, பெரியப்பா. பதினோரு பிள்ளைங்க வீடு, நம்ம வீடு, உலுக்பெக் வீடு. நடுவுல இருக்கற புள்ளி சத்திபால்தி."

"பெரிய குடும்பம். நல்லதுதானே."

"நல்லதுதான். இந்த ஊர்ல யாரும் யாரையும் கட்ட முடியாது. ஏற்கெனவே கட்டினவங்கள என்ன பண்றது? உங்க மருமகளோட தம்பி நோட்டும் இதுல இருக்கு."

துர்தகுன் வாயில் அடக்கியிருந்த உலர்ந்த தயிர் உருண்டையை எடுத்துத் தட்டோரம் வைத்தார்.

"எல்லாருக்கும் நாலஞ்சு பேர்தான் ஞாபகம் இருந்துச்சு. நமக்கும் அப்படித்தான். மேல இருந்த எடம் காலி. வாசல்ல வந்து நிக்கறவங்கள வெறுங்கையோட அனுப்பவா? சத்திபால்தி இல்லாத வீடு ஒண்ணு சொல்லு பாப்போம்."

"அத உலுக்பெக் அம்மாகிட்ட நீங்களே சொல்லிடுங்க."

"சொன்னா, முப்பது வருஷமா எல்லா விருந்துலயும் பெரிய மரியாதைன்னு எனக்கு முதல்ல வச்ச ஆட்டுத் தலையெல்லாம் என்னத்துக்கு வச்சதுன்னு ஆயிடும்."

"சொல்லலன்னா எனக்குக் கல்யாணம் இல்ல."

அவர் படத்தின் நடுப்புள்ளியை விரலால் மறைத்தார். "உன் கணக்குல நடுவுல ஒண்ணுமே இல்லாம இருந்தா அதுக்கு என்ன பேரு?"

"வெட்டாக் கணங்கள்."

"அது போதும் நமக்கு." வம்சக் குறிப்பேட்டை எடுத்து, தங்கள் வீட்டின் ஏழாம் இடத்தை ரப்பரால் தேய்த்தார். "மங்கின எழுத்து, கண்ணு தப்பாப் படிச்சிருச்சுன்னு சொல்லிக்கறேன்." ரப்பர் தூளை ஊதிவிட்டு எழுதினார்: தொருபாய்.

"இது யாரு?"

"கூட்டுப் பண்ணைல நின்ன குதிரை. மூணு நாள் வைத்தியம் பார்த்தேன், பிழைக்கல."

"குதிரையா, பெரியப்பா?"

"உன் நோட்டுல எதுலயாவது இந்தப் பேர் இருக்கா?"

ஜிப்பார் நேர்மையாக யோசித்துப் பார்த்தாள். "இல்ல."

"அப்புறம் என்ன?"

சனிக்கிழமை உலுக்பெக்கின் தாய் புருல்கான் வந்தாள். கம்மல் பெட்டி அவள் மடியில் மூடியே இருந்தது. துர்தகுன் குறிப்பேட்டைப் பாராமல் ஏழு பேரையும் ஒப்பித்தார். ஏழாமவரின் பெயரைக் கேட்டதும் புருல்கான் பிரார்த்தனை முடித்தவளைப் போல இரு கைகளாலும் முகத்தை வழித்துக்கொண்டாள்.

"தொருபாய். பேர்லயே ஒரு கம்பீரம் தெரியுதுங்க. எப்படிப்பட்ட மனுஷர்?"

"ஓடினா யாராலயும் பிடிக்க முடியாதாம்," என்றார் துர்தகுன்.

பெட்டி திறந்தது. ஜிப்பார் காதைக் காட்டக் குனிந்தாள். சிரிப்பை அடக்கவும் அந்தக் குனிவு உதவியது.