கத்திரி படாத கோட்டு

சாய்கல் பிறகு முப்பது படங்களுக்கு உடை அமைத்தாள். எங்கள் கிர்கிஸ் நாட்டிலேயே அந்த வேலையைச் செய்த முதல் பெண் அவள்தான். முதல் படத்திலேயே அவள் வேலை போயிருக்க வேண்டியது. போனால் நல்லது என்று வேண்டிக்கொண்ட பாவி நான்தான்.

தலைநகர் ஃப்ருன்ஸேயில் எங்கள் சினிமா ஸ்டூடியோவில் பதினோரு வருஷமாகத் தையல் மெஷின் மிதித்தவன் நான். அதுவரை உடை அமைக்க லெனின்கிராடிலிருந்துதான் ஆள் வருவார். எங்கள் மலைக்காரி அவர் கையில் மாட்டினால் ஓபரா பாடகியாகிவிடுவாள். இனி உள்ளூர் ஆள்தான் என்றதும் அஸிர் என்ற என் பெயரைத்தான் அறிவிப்பார்கள் என்று நினைத்தேன். மாஸ்கோவில் படித்துவிட்டு வந்த இருபத்தாறு வயசுச் சாய்கலைப் போட்டார்கள். எனக்கு எரிந்தது.

போர்க்காலத்துக் கதை அது. ஆண்களெல்லாம் சண்டைக்குப் போய்விட, பெண்கள் பனியில் கதிர் அடிக்கும் காட்சி. நாரின் என்ற மலை நகருக்குப் பக்கத்து ஊர்ப் பெண்கள் இருபத்து மூன்று பேரைப் பழைய துணியில் வரச் சொல்லியிருந்தாள் சாய்கல். வந்தார்களே பார்க்கணும்! வெல்வெட் சட்டை, வெள்ளித் தோடு, பூப்போட்ட புதுத் தலைத்துணி. வீட்டுக்கு வந்த விருந்தாளி முன்னால் எங்கள் பெண்கள் வேறெப்படி நிற்பார்கள்? நாங்கள் கொண்டுபோன கந்தல் மூட்டையை ஒருத்தியும் தொடவில்லை.

டைரக்டர் எர்மெக் குதித்தார். நாளைக் காலையும் இதே கூத்து என்றால் சாய்கல் தையல் அறைக்குத் திரும்பலாம், அஸிர் பார்த்துக்கொள்வார் என்றார். என் வயிற்றில் பால் வார்த்த மாதிரி இருந்தது.

அந்தப் பெண்கள் கூட்டத்தில் கலிபா என்ற அக்காதான் வாய் திறந்தாள். "அந்தக் காலத்துலயும் நாங்க கந்தல் கட்டல, தங்கச்சி."

சாய்கல் எதிர்வாதம் செய்யவில்லை. "அப்ப என்னதான் போட்டிருந்தீங்க, அக்கா?"

கலிபா அக்கா எங்களை வீட்டுக்குக் கூட்டிப்போய்ப் பெட்டியைத் திறந்தாள். ஆட்டுத்தோல் கோட்டு ஒன்று, ஆம்பளைக் கோட்டு. எங்களில் ஒருவர் இறந்தால், உடம்பைக் கழுவியவர்களுக்குத்தான் அவர் துணி போகும். அவள் புருஷன் சண்டைக்குப் போனது நாற்பத்திரண்டில். செத்துவிட்டார் என்று காகிதம்தான் வந்தது, உடம்பு வரவில்லை. கோட்டை யாருக்குக் கொடுப்பாள்? மூன்று குளிர்காலம் அதைப் போட்டுக்கொண்டுதான் கதிர் அடித்தாளாம். இந்த ஊரில் பல பெட்டிகளில் இப்படி ஒரு கோட்டு இருக்கிறதாம்.

"குடுத்துட்டா, அவரு இல்லன்னு நானே சொன்ன மாதிரி ஆயிரும்."

கோட்டைக் கேளேன், வாயில் என்ன கொழுக்கட்டையா என்று எனக்கே பொறுக்கவில்லை. சாய்கல் கேட்கவில்லை. போட்டுக்கொண்டு வருவதும் வராததும் உங்கள் இஷ்டம் என்று மட்டும் சொல்லிவிட்டு வெளியே வந்தாள்.

மறுநாள் காலை இருபத்து மூன்று பேரும் வந்தார்கள். எல்லோர் உடம்பிலும் ஆம்பளைக் கோட்டு. கைகளை மடித்துவிட்டு, இடுப்பில் கயிறு கட்டியிருந்தார்கள்.

எர்மெக்குக்கு ஒரே சந்தோஷம். ஆனால் பெட்டியில் பத்திரமாக வைத்திருந்ததால் கோட்டுகள் ரொம்ப நன்றாக இருக்கின்றனவாம். அங்கங்கே கிழித்து, ஓரத்தைக் கருக்கச் சொன்னார். எங்கள் தொழிலில் அது தினப்படி வேலை. கத்திரியை எடுத்தேன்.

சாய்கல் கலிபா அக்காவை மறைத்துக்கொண்டு நின்றாள். "என் வேலைய எடுத்துக்குங்க, எர்மெக் அண்ணே. அஸிர் அண்ணனுக்கே குடுத்துருங்க. இந்தக் கோட்டுங்கள்ல கத்திரி படக் கூடாது."

பதினோரு வருஷம் காத்திருந்த வேலை கைக்கெட்டும் தூரத்தில். கலிபா அக்காவின் கோட்டுத் தோளில் ஒரு ஒட்டுத் தையல் தெரிந்தது. நூலே கிடைக்காத காலத்தில், எதையோ பிரித்தெடுத்த நூலில், பொடிப்பொடியாகப் போட்ட தையல். அப்படி ஒன்றை நான் ஜென்மத்தில் போட்டதில்லை.

"நான் வெட்டமாட்டேன். வேற ஆளைப் பாருங்க," என்றேன்.

அந்த மலையில் வேறு ஆளுக்கு எங்கே போவார்? வாய்க்கு வந்தபடி திட்டினார், சூரியனைப் பார்த்தார், கேமராவை ஓட்டச் சொன்னார்.

மறு வருஷம் அதே ஊர் மன்றத்தில் படம் போட்டோம். திரையில் எழுத்து ஓடியது. கண்ணாடியை மறந்துவிட்டு வந்த கலிபா அக்கா, என்ன எழுதியிருக்கிறது என்று கேட்டாள். உடை: சாய்கல் என்று மன்றத்துக்கே கேட்கும்படி வாசித்தேன்.

"நம்ம கோட்டக் காப்பாத்துன பொண்ணு," என்று பக்கத்தில் இருந்தவளிடம் சொன்னாள் அக்கா.

நானும்தான் காப்பாற்றினேன் என்று சொல்ல நாக்குத் துறுதுறுத்தது. சொல்லவில்லை.