றொஷானி தேங்காய் திருவவில்லை

1.

முதலிலேயே சொல்லிவிடுகிறேன், இந்தக் கதை எனக்குத் தானாகத் தோன்றியதல்ல. அருள்நாயகி ஸ்பிரிங்வேலில் உள்ள என் வீட்டுக்கு வந்து, ஒரு கேக்கைக் குசினி மேசையில் வைத்து, "பாமா, நீ கதை எழுதிறனி தானே, என்ர பிள்ளையைப் பற்றி ஒண்டு எழுதன்" என்று கேட்டாள். இத்தனை வருடத்தில் என்னிடம் ஒருவரும் வாய்விட்டுக் கதை கேட்டதில்லை. எனக்குச் சந்தோசத்தில் ஒரே புளுகம். கேக்கை வெட்டி முடிப்பதற்குள் சம்மதித்துவிட்டேன்.

பிறகுதான் விஷயம் வெளியில் வந்தது.

அருள்நாயகியின் மகள் றொஷானி, வெரிபீ கொக்கற்றூஸ் என்ற பெண்கள் அணியின் குவாட்டர்பேக்.* இந்த நாட்டில் 'ஃபுட்போல்' என்றால் நாலு விளையாட்டு இருக்கிறது. இது அமெரிக்கக்காரரின் விளையாட்டு, தலையில் ஹெல்மெற், தோளில் கவசம். குவாட்டர்பேக்கின் கைக்குத்தான் பந்து முதலில் வரும். அதை யாருக்கு எறியலாம் என்று அவள் பார்த்துக்கொண்டு நிற்கும்போது, எதிரணியில் நாலைந்து பேர் அவளை விழுத்துவதற்கென்றே ஓடி வருவார்கள். இதுதான் அவளுடைய உத்தியோகம். சம்பளமும் கொடுக்கிறார்கள்.

(* இந்த அணியையும் சம்பளத்தையும் தேடிக்கொண்டு வெரிபீக்குப் போகாதீர்கள். பெயர்களை நான் மாற்றிவிட்டேன். லீக்கையும் கொஞ்சம் மாற்றிவிட்டேன்.)

இன்ரநெற்றில் றொஷானியின் பெயரை அடித்தால் அவள் எறிந்த நல்ல பந்துகள் வராது. எந்த வருடம் எந்த எலும்பு முறிந்தது, அதனால் எந்தெந்த ஆட்டங்களை விட்டாள் என்று ஒரு பக்கம் வரும், எப்படி முறிந்தது என்று வராது. இப்போது சிட்னி மெரிலேண்ட்ஸில் ஜனுஷன் என்ற பெடியனோடு அவளுக்குக் கலியாணப் பேச்சு. இருவரும் ஒரு கலியாண வீட்டில் சந்தித்தவர்கள், பிடித்துப்போனவர்கள், நாள் தவறாமல் போனில் கதைக்கிறவர்கள். ஜனுஷனின் தாய் தகப்பன் 'ஓம்' சொல்வது மட்டும்தான் பாக்கி. அவர்கள் திடீரென்று பேச்சு மூச்சில்லாமல் இருக்கிறார்கள்.

"அவையள் அந்தப் பக்கத்தைப் பார்த்திட்டினம் பாமா," என்றாள் அருள்நாயகி. "நீ வடிவாய் ஒரு கதை எழுது. இனி ஆராவது பேரை அடிச்சா அதுதான் முதல்ல வரவேணும். ஒரு காயம் கூட அதில இருக்கக் கூடாது, சொல்லிப்போட்டன்."

தமிழ்ச் சிறுகதையின் பலத்தில் இவ்வளவு நம்பிக்கை வைத்த ஒருவரை நான் அதுவரை கண்டதில்லை.

2.

முதல் தொடக்கம்: "சனிக்கிழமை. வெரிபீ மைதானத்தில் நல்ல வெயில். றொஷானி வெள்ளைக் கோட்டுக்கு வெளியே நின்றுகொண்டு—"

(ஏன் வெளியே? முழங்கால். வெட்டு.)

இரண்டாவது தொடக்கம்: "றொஷானி வலது கையால் தலைமயிரை ஒதுக்கினாள். இடது கை—"

(இடது கை கழுத்தில் கட்டிய துணிக்குள். வெட்டு.)

மூன்றாவது: "தோழிகள் அவளைத் தோளில் தூக்கிக்கொண்டு—"

(வெற்றிக்காக அல்ல, அம்புலன்சுக்கு. வெட்டு.)

நாலாவது: "றொஷானி ஒரு நல்ல பிள்ளை."

இது உண்மை. ஆனால் இந்த வசனத்திலிருந்து எங்கே போவது? எழுதுகிறவர்களைக் கேட்டுப் பாருங்கள், நல்ல பிள்ளையை வைத்துக்கொண்டு ஒரு பக்கம் நிரப்புவது எவ்வளவு கரைச்சல் என்று. அவள் ஆடிய சனிக்கிழமைகளையும் ஆடாத சனிக்கிழமைகளையும் பக்கத்தில் வைத்துப் பார்த்தால் ஆடாததுதான் கூட. காயங்களை எடுத்துவிட்டால் என்னிடம் மிஞ்சுவது ஒரு ஹெல்மெற்றும் அரைக் கேக்கும்தான்.

சரி, ஆளையே போய்ப் பார்ப்போம் என்று காரை எடுத்தேன்.

3.

ஸ்பிரிங்வேலிலிருந்து வெரிபீக்குப் போக நகரத்தைக் குறுக்கறுக்க வேண்டும். பாலத்தில் வாகனங்கள் ஊர்ந்தன. அந்த நேரத்தில் ஐந்தாவது தொடக்கம் ஒன்று வந்தது. அதைச் சொல்ல எனக்கே வெட்கமாக இருக்கிறது, அதில் சூரியகாந்திப் பூ வருகிறது.

தாய் கடைக்குப் போயிருந்தாள். றொஷானி கதவைத் திறந்துவிட்டு நொண்டி நொண்டிப் போய் சோபாவில் விழுந்து, முழங்காலில் ஏதோ ஒரு பொதியைத் தூக்கி வைத்தாள். வீக்கத்துக்குக் குளிராக வைத்தது. உற்றுப் பார்த்தேன். உறையவைத்த தேங்காய்ப்பூ, கடையில் திருவி விற்கிற தேங்காய். ஸ்பிரிங்வேல் கடையின் விலைத்துண்டு இன்னும் அதில் ஒட்டியிருந்தது.

"பிள்ளை, இது நான் தந்ததெல்லே?"

"ஓம் அன்ரி. சமைக்கேல்லை, சொறி. முழங்காலுக்கு நல்ல அளவாய் இருக்கு."

"உனக்கு விரல் முறிஞ்ச நேரம், இனிமேல் திருவலையில இருக்க வேண்டாம் எண்டுதான் வாங்கிக்கொண்டு வந்தனான்."

"வட்? என்ன வலை?"

"தேங்காய் திருவேக்கதானே சின்னி விரல் முறிஞ்சது?"

றொஷானி என்னைப் பார்த்தாள். "அன்ரி, எங்கட வீட்டில அப்பிடி ஒரு சாமானே இல்லை. என்ர விரல் மற்றவளின்ர ஹெல்மெற்றுக்குள்ள மாட்டினது."

நான் வாயைப் பிளந்தேன். பிறகு அருள்நாயகி எனக்குச் சொல்லியிருந்த காரணங்களை ஒவ்வொன்றாகக் கேட்கத் தொடங்கினேன். காறை எலும்பு? நத்தார் நட்சத்திரம் கட்ட ஏறியபோது ஏணி சறுக்கியதாம் என்றேன். அது ஓகஸ்ட் மாதம், ஓகஸ்டில் யார் கிறிஸ்மஸ் நட்சத்திரம் கட்டுவார்கள் என்று இப்போதுதான் எனக்கும் உறைத்தது. விலா? குளியலறையில் வழுக்கியதாம். முழங்கால்? கோயில் படியில் தடக்கியதாம். ஒவ்வொன்றுக்கும் அவள் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தாள். விலா நோகுது, நிற்பாட்டுங்கோ என்று கெஞ்சினாள். எனக்கும் அடக்க முடியவில்லை. ஒரு பெட்டையின் முறிவுகளைச் சொல்லி இருவர் இப்படிச் சிரிப்பது சரியா என்று வாசகர் கேட்கலாம். நீங்கள் அந்த வீட்டில் இருந்திருந்தால் நீங்களும் சிரித்திருப்பீர்கள்.

சிரித்து ஓய்ந்தபின் அவள் குரல் இறங்கியது.

"அன்ரி, எழுதினா எல்லாத்தையும் எழுதுங்கோ. ஜனுஷனுக்கு எல்லாம் தெரியும். அவன்ர அம்மா அப்பாவுக்கு நான் விளையாடுறதைத் தானே சொல்லுறன் எண்டு அம்மா கேட்டவ, அதாலதான் நாங்கள் ரெண்டு பேரும் வாயை மூடிக்கொண்டு இருக்கிறம். அவையள் ஓம் எண்டு சொல்லுறதெண்டா என்னைத்தான் ஓம் எண்டு சொல்லவேணும். முறியாத ஒருத்தியை இல்லை." பொதியைத் திருப்பி வைத்தாள். "ஐ ரியலி லைக் ஹிம், அன்ரி. அவையள் வேண்டாம் எண்டு சொல்லிப்போடுவினமோ எண்டு பயமாய் இருக்கு."

என்மேல் ஓடி வருகிறவர்களைக் கண்டு பயப்படாத பிள்ளை இதைச் சொன்னாள்.

(திருத்தம்: 'அவள்மேல் ஓடி வருகிறவர்களை'. என்மேல் யாரும் ஓடி வருவதில்லை. எழுதுகிறபோது என்னையே அவளுடைய இடத்தில் வைத்துவிட்டேன், அதனால் வந்த பிழை. அப்படியே இருக்கட்டும்.)

4.

இந்த இடத்தில் எனக்கு அருள்நாயகி என்ற பாத்திரத்தில் சந்தேகம் வந்தது. பிள்ளை விளையாடுவதே வெட்கம் என்று நினைக்கிற தாயா இவள்? மைதானத்துக்கு மகளைக் கூட்டிப்போவாள், ஆனால் கார் பார்க்கில் செபமாலையோடு இருந்துவிடுவாள், ஒரு ஆட்டமும் பார்த்ததில்லை என்று அவளே சொல்லியிருக்கிறாள். அப்படியானால் கொஞ்சம் கடுமையாக எழுதவேண்டியதுதான் என்று முடிவுகட்டினேன். "அருள்நாயகி ஊர்ச்சனத்துக்குப் பயந்து—" என்று ஒரு வசனத்தை மனதுக்குள் தொடங்கியும்விட்டேன்.

அப்போது அவள் கடைச் சாமானோடு உள்ளே வந்தாள். பைகளை வைக்கவில்லை, போன் அடித்தது. கதையில் போன் இப்படி அடிக்கக் கூடாது, அது எழுதுகிறவரின் சோம்பல் என்று நானே பலருக்குப் புத்தி சொல்லியிருக்கிறேன். என்ன செய்ய, அடித்தது. ஜனுஷனின் அம்மா. கையில் மீன் பையோடு அருள்நாயகி ஸ்பீக்கரில் போட்டாள்.

"அருள், குறை நினையாதேங்கோ. மனசில வைச்சுக்கொண்டு இருக்க ஏலாமல் கேக்கிறன். பிள்ளைக்கு எலும்பில ஏதும் வருத்தமோ, நோயோ?"

அருள்நாயகி போனை மேசையில் வைத்தாள்.

"இல்லை, இஞ்ச கோயில்ல சனம் சொல்லுது. ஏணியால விழுந்து காறை எலும்பாம். குளிக்கேக்க விலாவாம். படியில முழங்காலாம். அதுகள் கூடப் பரவாயில்லை அருள். தேங்காய் திருவி விரல் முறிஞ்சதாமே? தேங்காய்க்கே முறியிற எலும்பெண்டால் நாளைக்கு ஒரு குழந்தையை எப்பிடித் தூக்கிறது? ஜனுஷனைக் கேட்டா அவன் சிரிக்கிறான். எனக்கு நித்திரை இல்லை."

பார்த்தீர்களா! அவர்கள் அந்தப் பக்கத்தைப் பார்க்கவே இல்லை. அருள்நாயகியின் பொய்களைத்தான் கேட்டுப் பயந்திருக்கிறார்கள்.

இதற்கு இரண்டு முடிவுகள் எழுதிப் பார்த்தேன். ஒன்றில் நான் போனைப் பறித்து உண்மையைச் சொல்லிக் கலியாணத்தைக் காப்பாற்றுகிறேன். எனக்கு மிகவும் பிடித்த முடிவு அது. மற்றதில் றொஷானி தேங்காய்ப்பூப் பொதியோடு எழுந்து வந்து ஒரு நீண்ட பேச்சுப் பேசுகிறாள். இரண்டும் நடக்கவில்லை.

நடந்தது இதுதான். அருள்நாயகிக்குக் கோபம் வந்தது.

"எலும்பில வருத்தமோ! என்ர பிள்ளைக்கோ!" மீன் பை நிலத்தில் விழுந்தது. "அக்கா, வடிவாய்க் கேளுங்கோ. ஏணியுமில்லை ஒரு கோதாரியுமில்லை. அவள் ஃபுட்போல் விளையாடுறவள், அமெரிக்கன் ஃபுட்போல், அதுதான் அவளின்ர உத்தியோகம். காறை எலும்பு ஜீலோங் மாட்ச். நூறு கிலோவுக்கு மேல இருப்பாள் அந்தப் பெட்டை, ஓடிவந்து இடிச்சவள். என்ர பிள்ளை பந்தை எறிஞ்சுபோட்டுத்தான் விழுந்தவள், அதில புள்ளியும் கிடைச்சது! விலா பென்டிகோ மாட்ச். முறிஞ்ச விலாவோட இன்னும் ரெண்டு தரம் எழும்பி எறிஞ்சவள். சின்னி விரலைப் பிளாஸ்ரரால சுத்திக்கொண்டு திரும்ப உள்ளுக்குப் போனவள். முழங்கால் மட்டும் ஒருத்தரும் தொடேல்லை, ஈரப் புல்லில சறுக்கினவள். அதுக்குப் பிறகு ஒன்பது மாசம் வெளியில நிண்டு மற்றப் பிள்ளையளுக்குக் கத்திக் கத்திச் சொல்லிக் குடுத்தவள். டொக்டரே சொன்னவர், இது நல்ல எலும்பு, அதுதான் இவ்வளவோட நிண்டது எண்டு!"

மூச்சு வாங்கினாள். கண் நிறைந்து வழிந்தது.

"நான் பொய் சொன்னது உண்மை அக்கா. சனம் என்ன சொல்லுமோ எண்டு பயந்து சொன்னனான். கார் பார்க்கில இருக்கிறன், மாட்ச் பார்க்கிறேல்லை எண்டு பிள்ளைக்குச் சொன்னதும் பொய். காரை மைதானத்தைப் பார்க்கத்தான் விடுறனான். ஒரு மாட்சும் விட்டதில்லை. அவள் ஆடாத மாட்சையும் பார்த்தனான்."

கதவடியில் றொஷானி நின்றாள். "அம்மா, யூ வோச்ட்? பார்த்தனீங்களோ?" என்றாள். தாயின் தோளில் முகத்தைப் புதைத்தாள்.

நான் மேசை விளிம்பைப் பிடித்துக்கொண்டேன்.

"அப்ப," என்றது போன், "தேங்காய் இல்லையோ?"

"தேங்காய் இல்லை அக்கா."

"மாதாவே!" பிறகு தூரத்தில் யாரையோ கூப்பிடும் குரல். "இஞ்சருங்கோப்பா! தேங்காய் இல்லையாம்! நூறு கிலோப் பெட்டையாம்!" திரும்பி வந்து, சிரிப்பும் அழுகையுமாக, "எங்களுக்கு ஓம் அருள். ஓம் சொல்லத்தானே இவ்வளவு நாளும் வாய் உன்னினது. அடுத்த மாட்ச் எப்ப?" என்று கேட்டாள்.

"ஊர்ச்சனத்துக்குப் பயந்து—" என்ற வசனத்தை நான் முடிக்கவில்லை. முடித்தாலும் அது பாதி உண்மைதான்.

5.

அன்றிரவே எனக்குப் புதிய கட்டளை வந்தது. "பாமா, ஒண்டையும் விடாமல் எழுது. நீ இடது கணுக்காலை மறந்துபோனாய், பலரட் மாட்ச்." எழுதிவிட்டேன், அருள். இடது கணுக்கால், பலரட் மாட்ச்.

கலியாணம் விளையாட்டுப் பருவம் முடிந்தபிறகு. அதற்காக இனி ஒரு ஆட்டத்தையும் விடக்கூடாது என்று சொன்னவர் மாமியார்.

6.

முழங்கால் முற்றாக ஆறி டொக்டர் விட்ட பிறகு, கடந்த சனிக்கிழமை றொஷானியின் முதல் ஆட்டம். சிட்னியிலிருந்து மூவரும் வந்தார்கள். ஜனுஷனை நான் அதுவரை மனதுக்குள் உயரமாக எழுதியிருந்தேன். ஆள் கட்டை. நகம் கடிக்கிறவன். அதை இங்கே திருத்திக்கொள்ளுங்கள்.

அருள்நாயகி காரில் இருக்கவில்லை. முன்வரிசையில் மாமியாருக்குப் பக்கத்தில் இருந்து, மைதானத்துக்கே கேட்கிற குரலில் விளங்கப்படுத்திக்கொண்டிருந்தாள். "எறிஞ்ச உடன இடிச்சு விழுத்துவினம் அக்கா. கீழ கிடக்கிறவளுக்குப் பந்து போய்ச் சேர்ந்ததோ இல்லையோ தெரியாது. எங்கட சத்தத்தைக் கேட்டுத்தான் அவளுக்குத் தெரியும்."

கடைசி நிமிடம். வெரிபீ நாலு புள்ளி பின்னுக்கு, எல்லைக்கோட்டுக்கு அப்பால் ஒருத்தி பந்தைப் பிடித்தால் ஆறு. பந்து றொஷானியின் கைக்கு வந்தது. இரண்டு அடி பின்னால் போனாள். இடது பக்கத்தால் ஒருத்தி, வலது பக்கத்தால் இன்னொருத்தி. ஜனுஷன் கண்ணை மூடினான். அவள் எறிந்தாள். மறுகணம் இருவரும் அவள்மேல் விழுந்தார்கள். பந்து மேலே போகிறது, மூலையில் ஒரு சின்னப் பெட்டை கைகளை நீட்டிக்கொண்டு ஓடுகிறாள்—

இங்கே நிறுத்துகிறேன். என்ன நடந்தது என்று எனக்குத் தெரியும். அருள்நாயகிக்குத் தெரியும், மூன்று நாளாக அவளுக்குத் தொண்டை கட்டியிருக்கிறது. அதை வைத்து ஒன்றும் கணிக்காதீர்கள், அவள் எதற்கும் கத்துவாள்.

பந்து இன்னும் மேலேதான் இருக்கிறது. றொஷானி இரண்டு பேருக்கு அடியில், முகம் புல்லில், காதைக் கொடுத்துக்கொண்டு கிடக்கிறாள். என்ன ஆயிற்று என்று அவளுக்கு நீங்கள்தான் சொல்லவேண்டும். கொஞ்சம் பலமாக.