ஆள் வர வேண்டும்

வரிசையை விட்டு மறுபடியும் விலகி, ஜுராசி கப்பலின் கம்பியருகே வந்து நின்று ஆற்றைப் பார்த்தாள். தூரத்தில் ஒரு தோணி வந்துகொண்டிருந்தது. காலையிலிருந்து அவளுக்கு எந்தத் தோணியைப் பார்த்தாலும் தம்பி வால்மீருடையதாகவே தெரிந்தது. அவன் வந்தால் ஒரே ஒரு சேதியோடுதான் வருவான். தோணி நெருங்கியது. யாரோ ஒரு புருஷனும் பெண்சாதியும், நடுவில் ஒரு கோழிக் கூடை. மூச்சை விட்டுவிட்டு வரிசைக்குத் திரும்பினாள்.

"இப்படி வர்றதும் போறதுமா இருந்தா இடம் போயிடும், பாத்துக்க" என்றாள் பின்னால் நின்றவள்.

புருஸ் ஆற்றில் வெள்ளம் ஏறினால்தான் அரசாங்கக் கப்பல் இந்த வளைவு வரை வரும். சில வருடம் அப்போதும் வராது. வந்தால் வெள்ளத்துக்காக உயர்த்திக் கட்டிய பள்ளிக்கூடத்தின் மரக்கால்களில் கயிற்றைக் கட்டி நிற்கும். பிறப்பு எழுதுகிறவர், அடையாள அட்டை எடுக்கிறவர்கள், டாக்டர், பல் பிடுங்குகிறவர் எல்லோரும் ஒரே தளத்தில் மேசை போட்டு உட்கார்ந்திருப்பார்கள். இந்தத் தடவை வந்தது நேற்று. இன்று சாயங்காலம் கிளம்பிவிடும்.

அவளுடைய அப்பா ஒலிந்தோவின் பெயரில் எந்தக் காலத்திலும் ஒரு காகிதம் இருந்ததில்லை. மேலாற்றின் ரப்பர் காட்டில் பிறந்தவர். பெற்றவர்கள் அதை யாரிடமும் எழுதிவைக்காமலே போய்ச் சேர்ந்துவிட்டார்கள். கப்பல் வரும்போதெல்லாம் அவர் மீனுக்குப் போயிருப்பார், இல்லாவிட்டால் மரவள்ளித் தோட்டத்தில் இருப்பார். யாராவது கேட்டால், "மீனு என்கிட்ட கார்டா கேக்குது?" என்பார். ஒரே ஒரு முறை வரிசையில் நின்றிருக்கிறார். பிறந்ததற்கு ஆதாரம் கேட்டார்கள். "இதோ நிக்கிறேனே" என்றாராம். சிரித்துவிட்டு அனுப்பிவிட்டார்கள். அதன் பிறகு கப்பல் வந்த பக்கம் அவர் போகவில்லை.

ஜுராசி வயது வந்து தன் அட்டையை வாங்கி வந்த அன்று, எழுத்துத் தெரியாத அவர் அதை முன்னும் பின்னும் திருப்பிப் பார்த்தார். இதில் அம்மா பேர் எது என்று கேட்டார். காட்டினாள். பக்கத்தில் இது என்ன என்றார். அங்கே ஒரு சின்னக் கோடு மட்டும் இருந்தது.

"அது நீங்கதான்பா" என்றாள் சிரித்துக்கொண்டே.

அவரும் சிரித்தார். அன்றிலிருந்து தன்னைக் கோடு என்றே சொல்லிக்கொண்டார். தோட்டத்திலிருந்து வந்தவுடன் அம்மாவிடம், "ஒத்தீலியா, கோடு பசியோட வந்திருக்கு, மீனை எடு" என்பார். வீடே சிரிக்கும். பிறகு ஜுராசி பட்டணத்தில் வீட்டுவேலைக்குப் போய், போன இடத்திலெல்லாம் அட்டையை நீட்டி, கோட்டைப் பார்த்துவிட்டு அவள் முகத்தைப் பார்க்கிற பார்வைகளைப் பார்த்த பின் அவளுக்குச் சிரிப்பு வராமல் போனது. அவர் நிறுத்தவில்லை.

இந்த மழைக்கு முன்னால் அவருக்கு வயிறு வீங்கத் தொடங்கியது. பட்டணத்து ஆஸ்பத்திரியில் வீட்டுக்குக் கூட்டிப் போகச் சொல்லிவிட்டார்கள். கயிற்றில் கட்டிய தன் தூளிப் படுக்கையில் விழுந்தவர் எழவில்லை. ஒருநாள் கஞ்சி ஊட்டிக்கொண்டிருந்தபோது, கப்பல் எப்போது வரும் என்று கேட்டார். எதற்கு என்றாள். சும்மாதான் கேட்டேன் என்று முகத்தைச் சுவர்ப்பக்கம் திருப்பிக்கொண்டார்.

அதனால்தான் ஜுராசி நேற்று முழுவதும் தோணியில் அலைந்தாள். அவரைச் சின்ன வயதிலிருந்து அறிந்த இரண்டு கிழவர்களைப் பிடித்து வந்து கப்பலில் சாட்சி சொல்ல வைத்தாள். பிறப்பு எழுதுகிறவர் எல்லாவற்றையும் கேட்டு எழுதிக்கொண்டு, மிச்சத்தை அட்டை மேசையில் முடிக்கச் சொன்னார். முகத்தைப் படம் எடுக்க வேண்டும், விரல் வைக்க வேண்டும். அது முடிந்தால் அவருக்கு ஒரு எண் வரும். எண் வந்துவிட்டால், இவர்கள் என் பிள்ளைகள் என்று அவர் சொல்வதையும் எழுதிக்கொள்ளலாம். ஆனால் ஆள் வர வேண்டும் என்றார்.

இன்று அவள் முறை வந்தபோது அட்டை மேசையில் இருந்தவள் பெயர் ரெஜியானி. கண்ணுக்குக் கீழே கறுத்து, தூக்கம் கெட்ட முகம். ஜுராசி சொன்னதைக் கேட்டுவிட்டு, "ஆள் வரணுமே" என்றாள் அவளும்.

"தூக்கினா உசிரு போயிடும் மேடம். நீங்கதான் வரணும்."

ரெஜியானி வரிசையைப் பார்த்தாள். அது படிக்கட்டு வரை போயிற்று. பிறகு பக்கத்தில் மூடி வைத்திருந்த தன் சாப்பாட்டுத் தட்டைப் பார்த்தாள்.

"சாப்பாட்டு நேரத்துல வர்றேன். எவ்வளவு தூரம்?"

"இதோ, அந்த வளைவுக்குப் பின்னாடி."

வளைவுக்குப் பின்னால் இன்னொரு வளைவு இருந்தது, அதற்குப் பின்னாலும் ஒன்று. இந்த ஆற்றில் வழி கேட்பவர்களுக்கு எல்லோரும் இப்படித்தான் சொல்வார்கள். சாப்பாட்டு நேரத்தில் ஜுராசியின் தோணியில் ஏறிய ரெஜியானி, பிளாஸ்டிக் தாளில் சுற்றிய கருவிப் பெட்டியை மடியில் கட்டிப்பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். தூறல் விழத் தொடங்கியது. குறுக்கு வாய்க்காலில் ஆகாயத்தாமரை மோட்டாரின் காற்றாடியில் சுற்றிக்கொள்ள, தோணி நின்றுவிட்டது. ஜுராசி குப்புறச் சாய்ந்து, தோள் வரை கையை நீருக்குள் விட்டு வேர்களைப் பிய்த்து எறிந்தாள். பிய்க்கப் பிய்க்க வந்துகொண்டே இருந்தது.

அவர் பேசுவாரா என்று ரெஜியானி கேட்டாள்.

"காலையில பேசினாரு. தண்ணி கேட்டாரு."

"கண்ணைத் திறந்து ஒரு தடவை பாத்தா போதும், படத்துக்கு."

"பாப்பாரு" என்றாள் ஜுராசி. மோட்டார் கயிற்றை இழுத்தாள். பிடிக்கவில்லை. மறுபடியும் இழுத்தாள்.

வெள்ளம் வீட்டின் தரைப்பலகைக்குச் சற்றுக் கீழே நின்றது. வால்மீர் படியில் நின்றிருந்தான். ஜுராசி வீசிய கயிற்றைப் பிடித்துக் கட்டினான். எப்படி இருக்கிறார் என்று கேட்டதற்கு அவன் அவள் முகத்தைப் பார்க்காமல், "படி வழுக்கும் மேடம், பாத்து வாங்க" என்று ரெஜியானியிடம் சொன்னான்.

உள்ளே ஒத்தீலியா தூளியருகே உட்கார்ந்து ஓலை விசிறியால் விசிறிக்கொண்டிருந்தாள். தூளியின் தலைப்பக்கக் கயிறு உயர்த்திக் கட்டப்பட்டிருந்தது. அவருக்கு நீலச்சட்டை மாட்டிக் கழுத்துவரை பொத்தான் போட்டிருந்தாள். தலை ஈரத்தோடு வாரியிருந்தது.

"இப்பத்தான் கண்ணசந்தாரு" என்றாள் ஒத்தீலியா.

ஜுராசி கால்மாட்டில் போய் நின்றாள். அப்பாவின் உதட்டோரம் ஒரு ஈ உட்கார்ந்தது. விசிறி அதை ஓட்டியது. திரும்பி வந்து அதே இடத்தில் உட்கார்ந்தது. உதடு அசையவில்லை. ஜுராசி நிமிர்ந்து அம்மாவைப் பார்த்தாள். அம்மா கண்ணை இமைக்காமல் அவளையே பார்த்துக்கொண்டிருந்தாள். கை மட்டும் நிற்காமல் விசிறியது.

ரெஜியானி பெட்டியைத் திறந்து கம்பிகளை மாட்டுவதில் இருந்தாள். பின்னால் பிடிக்க ஒரு வெள்ளைத் துணியை எடுத்து, ஒரு முனையை ஆணியில் கட்டி, மறுமுனையை வால்மீரிடம் கொடுத்தாள். அவன் அதை உயர்த்திப் பிடித்துத் தன் முகத்தை அதற்குப் பின்னால் வைத்துக்கொண்டான். அவள் தூளியருகே மண்டியிட்டு, சத்தமாக, ஒவ்வொரு சொல்லாகப் பேசினாள்.

"ஒலிந்தோ ஐயா, வணக்கம். உங்களுக்கு அட்டை எடுக்கத்தான் வந்திருக்கேன். சாட்சியெல்லாம் சொல்லியாச்சு, எல்லாம் சரியா இருக்கு. உங்க கையைக் கொஞ்சம் கொடுங்க. ஒரு நிமிஷம்தான்."

"காது மந்தம். நீங்களே எடுத்து வச்சுக்கங்க" என்றாள் ஒத்தீலியா.

அரசாங்கத்து மேசைக்கு அந்தப் பக்கம் உட்காருகிற ஒருவர் அவரை ஐயா என்று கூப்பிட்டு ஜுராசி கேட்டதே இல்லை. ரெஜியானி அவருடைய வலக்கையை எடுத்துத் தன் உள்ளங்கையில் வைத்துக்கொண்டாள். ஒரு துணியால் கட்டைவிரலைத் துடைத்தாள். நகத்தோரம், ரேகை, மறுபடியும் ரேகை. கருவியின் கண்ணாடியில் பச்சை விளக்கு எரிந்துகொண்டிருந்தது.

"விட்டுடுங்க மேடம்" என்றாள் ஜுராசி. "அப்பா போயிட்டாரு."

விசிறி நின்றது. ஓலைக்கூரையில் தூறல் விழும் சத்தம் கேட்டது. ரெஜியானி அந்தக் கையைக் கீழே போடவில்லை. மெதுவாகக் கொண்டுபோய் நீலச்சட்டையின் மேல் வைத்தாள். அவள் ஏன் அந்த விரலை அவ்வளவு நேரம் துடைத்தாள், தான் பேசாமல் இருந்திருந்தால் அவளும் பேசாமல் வேலையை முடித்திருப்பாளோ என்று ஜுராசி பிற்பாடு பல நாள் யோசித்திருக்கிறாள்.

"ஒரு நிமிஷம்" என்றாள் ஒத்தீலியா. விசிறியைத் தரையில் வைத்துவிட்டு ஜுராசியைப் பார்த்தாள். "ஒரு நிமிஷம் உன்னால வாயை மூடிக்கிட்டு இருக்க முடியல." எழுந்து அடுப்படிக்குப் போய்விட்டாள்.

வால்மீர் வெள்ளைத் துணியை இறக்கி, முனையோடு முனை சேர்த்து மடித்து ரெஜியானியிடம் கொடுத்தான். இனிமேல் எதுவும் செய்ய முடியாதா என்று ஜுராசி கேட்டாள்.

"உசிரோட இருக்கிறவங்களுக்குத்தான் நம்பர் கொடுக்க முடியும்" என்றாள் ரெஜியானி, தரையைப் பார்த்தபடி. பிறகு, கப்பல் கிளம்புமுன் டாக்டரை அனுப்புவதாகவும், இறப்பையாவது இன்றே எழுதிவிடும்படியும் சொல்லிவிட்டுக் கம்பிகளைச் சுருட்டத் தொடங்கினாள்.

ஒத்தீலியா காப்பியோடு வந்தாள். வந்தவர்களை வெறும் வாயோடு அனுப்புகிற வீடில்லை அது. குவளையை ரெஜியானியிடம் நீட்டிவிட்டு எதிரே உட்கார்ந்துகொண்டாள். அவர் பேரில் ஒரு காகிதம் இருந்தால் தனக்கு விதவைப் பணம் வரும் என்று கப்பலில் சொன்னார்களே, அது இனி இல்லைதானே என்று கேட்டாள். ஆமாம் என்று ரெஜியானி தலையசைத்தாள்.

"பணம் கிடக்கட்டும். அவரு யாருமே இல்லைன்னா, இத்தனை வருஷம் நான் யாருக்கு ஆக்கிப் போட்டேன்?"

ரெஜியானி காப்பியை முழுவதும் குடித்துவிட்டுத்தான் எழுந்தாள்.

வால்மீர் அவளைக் கொண்டுபோய் விட்டு டாக்டரை ஏற்றி வந்தான். சின்னப் பையனாகத் தெரிந்த டாக்டர் கழுத்தில் விரல் வைத்து, கண்ணிமையைத் தூக்கிப் பார்த்து, கையெழுத்துப் போட்டார். உடலோடு வால்மீர் இருந்துகொண்டான். ஜுராசி, டாக்டரோடு அம்மாவையும் ஏற்றிக்கொண்டு கப்பலுக்குப் போனாள். அம்மா முன்பக்கம் பார்த்து உட்கார்ந்திருந்தாள். வழி நெடுக ஒரு தடவைகூட ஜுராசி பக்கம் திரும்பவில்லை.

கப்பலில் மேசைகளை மடக்கிக்கொண்டிருந்தார்கள். பிறப்பு எழுதுகிறவரே இறப்பும் எழுதுகிறவர். வயதான மனிதர். இவர்களைப் பார்த்ததும் மடக்கிய மேசையை மறுபடி விரித்தார். நேற்று எழுதியதை எடுத்துப் பார்த்துவிட்டு, தனித் தாளில் கேட்டுக் கேட்டு எழுதினார். வயது கேட்டதற்கு அது அவருக்கே தெரியாது என்றாள் ஒத்தீலியா. தொழில் கேட்டதற்கு எல்லா வேலையும் என்றாள். பிள்ளைகள் என்றார். ஜுராசி, வால்மீர் என்றாள். பிறகு காய்ச்சலில் போன இரண்டு குழந்தைகளின் பெயரையும் சொன்னாள். அந்தப் பெயர்களை அம்மா வாய்விட்டுச் சொல்லி ஜுராசி கேட்டுப் பல வருடமாகியிருந்தது. அவர் அதையும் எழுதிக்கொண்டார்.

"நீங்க அவருக்கு என்ன வேணும்?"

"வீட்டுக்காரி."

"சட்டப்படி கல்யாணம் ஆச்சா?"

"பேரே இல்லாத மனுசனுக்கு எந்தச் சட்டம்யா கட்டி வைக்கும்?"

அவர் பேனாவை நிறுத்தினார். பிறகு எதையோ எழுதினார். இந்தத் தாளை வைத்துத் தன் அட்டையில் அப்பா பேரைப் போட்டுத் தருவார்களா என்று ஜுராசி கேட்டாள்.

"தர மாட்டாங்கம்மா. அதுக்குப் பட்டணத்துல ஜட்ஜுகிட்ட போகணும். வருஷக்கணக்குல இழுக்கும். ஆனாலும் இதைப் பத்திரமா வச்சுக்க. போனா முதல்ல இதைத்தான் கேப்பாங்க."

எழுதியதை முறைப்படி வாய்விட்டு வாசித்தார். ஒலிந்தோ என்று மட்டும் ஊரில் தெரிந்த மனிதர், கிழவர்கள் நினைவிலிருந்து சொன்ன அவருடைய தாயின் குடும்பப் பெயரோடு, ஒலிந்தோ பரோசோ என்று அந்தத் தாளில் இருந்தார்.

"இன்னொரு தடவை படிங்க" என்றாள் ஒத்தீலியா.

முழுவதுமா என்று கேட்டார்.

"பேரை மட்டும்."

அவர் படித்தார். ஒத்தீலியா கேட்டுவிட்டு, காட்டிய இடத்தில் விரல் வைத்தாள்.

திரும்பி வரும்போது தூறல் விட்டிருந்தது. தாளை ஜுராசி பிளாஸ்டிக் பையில் போட்டு ரவிக்கைக்குள் வைத்திருந்தாள். இரண்டாவது வளைவு தாண்டும்போது, நடு ஆற்றில் அரசாங்கக் கப்பல் அவர்களை முந்திக்கொண்டு போனது. மேல்தளத்தில் ஒரு பெண் தட்டைக் கையில் வைத்துக்கொண்டு நின்றபடி சாப்பிட்டுக்கொண்டிருந்தாள். ரெஜியானியா என்று தெரியவில்லை.

வீட்டுப்படியில் அக்கம்பக்கத்துத் தோணிகள் நெருக்கியடித்துக் கட்டிக்கிடந்தன. மேலே யாரோ பலகை அறுத்துக்கொண்டிருந்தார்கள். இருக்கிற சந்தில் ஜுராசி தோணியை நுழைத்தாள். ஒத்தீலியா முதலில் இறங்கிப் படியில் ஏறினாள். ஜுராசி ஒரு காலைப் படியில் வைத்து மறுகாலைத் தோணியிலிருந்து எடுக்கிற நேரம், எப்போதோ போய்விட்ட கப்பலின் அலை வந்து சேர்ந்தது. தோணிகள் ஒன்றோடொன்று முட்டிக்கொண்டன. அவள் கால்களுக்கு நடுவே தண்ணீர் அகன்றது.

ஒத்தீலியா திரும்பிப் பார்க்காமலே ஒரு படி கீழே இறங்கி, தோணியின் விளிம்பில் தன் வெறுங்காலை ஊன்றி அழுத்திக்கொண்டாள். அலை அடங்கும்வரை அந்தக் காலை எடுக்கவில்லை.