மயிலைக் காளையிடம் சொன்னவை

1

ஒன்றை ஒப்புக்கொண்டு தொடங்குகிறேன். இந்தக் கதையின் வித்து எனக்குத் தோன்றியதல்ல. நாமக்கல்லில் பழைய புத்தகக் கடையொன்றில் ஏதாவது மொழிபெயர்ப்பு நாவல் கிடைக்குமா என்று தேடியபோது கையில் சிக்கியது. 'மன அமைதிக்கு எட்டுப் படிகள்', 1938. எழுதியவர் அர்த்தநாரி. ஏழாம் படியின் தலைப்பு, 'பேசாமல் விட்டவரிடம் பேசுதல்'. அதன் கீழே ஒரே வரி: 'இதை நான் இன்னும் செய்யவில்லை.' மீதிப் பக்கம் வெள்ளை.

(எட்டாம் படி மூச்சுப் பயிற்சி. அதைத் தாராளமாக எழுதியிருக்கிறார்.)

2

பனி கொட்டும் மாலையில் அர்த்தநாரி கணப்பருகே அமர்ந்து—

வேண்டாம். அது நான் படிக்கிற நாவல்களின் பனி. இவருக்கு இருந்தது சோளக்காடும், அண்ணன் சின்னுசாமியோடு பொதுவில் ஒரு கிணறும்தான். ஒருநாள் இவர் மாடு பூட்டித் தண்ணீர் இறைப்பார், மறுநாள் அவர். அதனால் ஒன்பது வருடம் இருவரும் பேசாமலே வாழ முடிந்தது.

பேச்சு நின்ற காரணமும் என் கற்பனைதான்: தாய் இறந்த அன்று அர்த்தநாரி சேலத்தில் மன அமைதி பற்றிப் பிரசங்கம் செய்துகொண்டிருந்தார். ஊர் வந்து சேர்ந்தபோது எல்லாம் முடிந்திருந்தது.

3

அர்த்தநாரியின் மனைவி பாப்பாயி வந்தால்தான் கதை நகர்கிறது.

"ஏனுங்க, ஏழாம் படி எழுதிட்டீங்களா?"

"இன்னும் இல்லே."

"அச்சாபீசுல இருந்து நாளைக்கு ஆளு வருதுங்க. ஊருக்கெல்லாம் படி கட்டறீங்க. அண்ணன் நிக்கற அன்னிக்கு கெணத்து மேட்டுல மட்டும் கால் வைக்க மாட்டீங்களாக்கு!"

4

அதையே நினைத்துக் கிடந்தவர் நாள் கணக்கைத் தவறவிட்டார். விடிந்ததும் மாடு பூட்டிவிட்டார். அன்று அண்ணன் முறை.

சின்னுசாமி தன் மாடுகளோடு வந்து நின்றார். தம்பியைப் பார்க்கவில்லை. தம்பியின் சாம்பல் நிற மயிலைக் காளையைப் பார்த்தார்.

"ஏன்டா மயிலை, இன்னிக்கு யாரு முறைன்னு உன்ற எசமான் சொல்லலியா?"

[மாட்டிடம் சொல்வது பேச்சில் சேராது. பகை அப்படியே இருக்கும், சேதியும் போய்ச் சேர்ந்துவிடும்.]

"நெனப்பு தப்பிப் போச்சுன்னு சொல்லு மயிலை" என்றார் அர்த்தநாரி.

"ஊருக்குப் புத்தி சொல்றவருக்கு ஊட்டு நெனப்பு எப்புடி இருக்கும்?" சின்னுசாமி காளையின் கழுத்தைத் தடவினார். "சின்னவன் வந்துட்டானா, சின்னவன் வந்துட்டானான்னு ஆத்தா கடைசி வரைக்கும் கேட்டுச்சு. அதையும் சொல்லிரு."

கிணற்றுக்குள் பாதி ஏறிய தோல்சால் தண்ணீரை ஒழுக்கிக்கொண்டு தொங்கியது.

5

அர்த்தநாரி "அண்ணா" என்கிறார். எழுதிப் பார்த்தேன், அழகாகவே இருந்தது. ஆனால் புத்தகத்தில் அந்தப் பக்கம் வெள்ளையாக இருக்கிறதே.

ஆகவே அவர் மாட்டை அவிழ்த்துக்கொண்டு வீட்டுக்குப் போகிறார். அந்த ஒரு வரியை எழுதி ஆளிடம் கொடுக்கிறார். பொய்யாக ஒரு பக்கத்தை நிரப்பியிருக்கலாம், அவர் செய்யவில்லை. எனக்கு அவரைப் பிடித்துப்போனது அதனால்தான்.

புத்தகம் அச்சான பிறகும் கிணறு இருந்தது. முறையும் இருந்தது. இன்னொரு விடியலில் அவர் மறுபடி நாள் கணக்கைத் தவறவிடலாம், இந்தத் தடவை தெரிந்தே. அந்தக் காலையை நான் எழுதப்போவதில்லை. நீங்கள் அங்கே போனால், இருவருக்கும் நடுவே நிற்கிற மயிலையைக் கொஞ்சம் தள்ளிக் கட்டிவிடுங்கள்.