அக்கா குதித்த இடங்கள்

இயக்குநர் என் பாட்டை இரண்டாவது முறையும் திருப்பி அனுப்பிவிட்டார்.

"எல்லாம் கரெக்டா இருக்கு. ஆனா யாரோ விளையாடுற மாதிரியே இல்லையே! சாயங்காலத்துக்குள்ள வரலைன்னா வேற ஆளப் பாத்துக்கிறேன், தப்பா நெனச்சுக்காதீங்க."

தப்பாக நினைக்காமல் வேறு எப்படி நினைப்பதாம்? இது என் முதல் படம். அதில் ஒரு சிறுமி பழைய வீடியோ கேம் ஆடுகிறாள்; பின்னால் ஒலிக்கும் பாட்டு என்னுடையது. அந்தக் காலத்து கேம் பெட்டியின் பீப் சத்தங்களைக் கரகரப்பு உட்பட அச்சு அசலாகக் கம்ப்யூட்டரில் கொண்டுவந்துவிட்டேன். இதற்குமேல் என்ன வேண்டுமாம் அந்த மனுஷனுக்கு? உட்காரவே முடியவில்லை. ஜன்னலைத் திறந்தேன், தெரு இரைந்தது, படாரென்று மூடினேன்.

வேறு வழியில்லாமல் அக்காவுக்குப் போன் போட்டேன். சின்ன வயதில் எங்கள் வீட்டு வீடியோ கேமை மொத்தமாகக் குத்தகைக்கு எடுத்தவள். இப்போது பல் டாக்டர்.

"சீக்கிரம் சொல்லுடா. ஒருத்தர் வாயில பஞ்சோட உக்காந்திருக்கார்."

"நீ ஆடுவியே, அந்தக் குகை கேம், அதோட பாட்டக் கொஞ்சம் பாடேன்."

"பைத்தியமா உனக்கு?" என்றாள். ஆனாலும் பாடினாள். நடுநடுவே சுரங்களை விழுங்கினாள்.

"ஏன் முழுங்குற? ஒழுங்கா பாடித் தொலையேன்!"

"நான் எங்கடா முழுங்கினேன்? பாட்டே அப்படித்தான். குதிக்கிறப்ப எல்லாம் விட்டு விட்டுத்தான் வரும்."

எனக்குச் சுருக்கென்றது. அந்தப் பெட்டியால் ஒரே நேரத்தில் சில ஒலிகளைத்தான் எழுப்ப முடியும். குதிக்கும் சத்தத்துக்கு இடம் கொடுக்க, பாட்டு அந்த நொடி வாயை மூடிக்கொள்ளும். நானோ இணையத்தில் கிடைத்த வெறும் பாட்டுகளைக் கேட்டு வேலை செய்திருந்தேன். அவற்றில் யாருமே குதிக்கவில்லை. மடையன்!

"அக்கா, இன்னொரு தடவ பாடு. ரெக்கார்ட் பண்ணணும்."

பின்னால் பஞ்சுக்காரர் "ம்ம்! ம்ம்!" என்று ஆட்சேபித்தார். அவள் முழுதாகப் பாடினாள்.

அவள் விழுங்கிய இடங்களிலெல்லாம் என் பாட்டை வெட்டிக் குதிக்கும் சத்தத்தை வைத்தேன். அனுப்பிவிட்டு நகத்தைக் கடித்துக்கொண்டு அறைக்குள் நடந்தேன். போன் வந்தது.

"இப்பத்தாங்க ஒரு பொண்ணு ஆடுது! என்ன தைரியமா குதிக்குது பாருங்க! டைட்டில்ல இசைன்னு உங்க பேர எப்படிப் போடணும்?"

"ரெண்டு பேர் போடணும் சார். முதல்ல எங்கக்கா."

சொல்லும்போது வயிறு எரிந்தது. சொல்லாமலும் இருக்க முடியவில்லை.