முடிச்சில்லாத் தூண்டிலும் ஆழ்கடல் சங்கமும்

இதனால் சகல கடலோடிகளுக்கும், கரையிலிருந்து புத்தி சொல்வோருக்கும், கடலைத் திருவிழாவுக்கு மட்டும் எட்டிப் பார்க்கும் கோப்பாய், இணுவில் தோட்டக்காரர்களுக்கும் அறியத்தருவது யாதெனில்: ஆயிரத்துத் தொளாயிரத்துத் தொண்ணூற்றிரண்டாம் ஆண்டு ஆனி மாதத்தில், குருநகரில், ஒரு மனிதன் முடிச்சுப் போடாமல் தூண்டில் கட்டினான்.

உலகம் இந்தப் பயங்கரத்தைக் கவனிக்கவில்லை. யாழ்ப்பாணத்துக்கும் அப்போது வேறு கவலைகள் இருந்தன. பொருளாதாரத் தடையால் மண்ணெண்ணெய் இல்லை, சவர்க்காரம் இல்லை, பற்றரி இல்லை. மண்டைதீவு இராணுவ முகாம் பக்கமிருந்து செல் குண்டு மட்டும் தட்டுப்பாடில்லாமல் வந்துகொண்டிருந்தது. ஆனால் குருநகர் ஆழ்கடல் மீன்பிடித் தொழிலாளர் முன்னேற்றச் சங்கத்தின் தலைவர் கிறகோரிச் சம்மாட்டியார், விடயத்தின் பாரதூரத்தை உடனே உணர்ந்துகொண்டார். இரண்டு வள்ளங்களுக்குச் சொந்தக்காரர் என்பதால் அவர் சம்மாட்டியார். இரண்டும் எண்ணெயில்லாமல் கரையில் கவிழ்ந்து கிடந்தன.

ஆழ்கடலுக்குப் போகத் தடை இருந்த காலம். ஆகவே ஆழ்கடல் தொழிலாளர்கள் எல்லோரும் ஜெட்டி என்கிற இறங்குதுறையின் ஓரத்தில் காலைத் தொங்கப்போட்டுக்கொண்டு, இடுப்பளவு தண்ணீரில் தூண்டில் போட்டார்கள். சங்கத்தின் பெயரை மாற்றினால் என்ன என்று ஒருவர் பொதுக்கூட்டத்தில் எழும்பிக் கேட்டார். "அப்ப றப்பர் முத்திரையை என்ன செய்யிறது?" என்று சம்மாட்டியார் திருப்பிக் கேட்டார். கேட்டவர் இருந்துவிட்டார்.

ஜெட்டி சிறியது, ஆட்கள் கூட. மீனவர்களின் காவலரான புனித பேதுரு, அதாவது இராயப்பர், திருநாளை ஒட்டி ஒவ்வொரு வருடமும் ஆளாளுக்கு இடம் பிரித்துக் கொடுப்பது வழக்கம். அதற்கு முன்னால் ஒரு சோதினை. சோதினை வைக்காமல் ஒருவருக்கு எதையும் கொடுத்துவிடக்கூடாது என்பதில் யாழ்ப்பாணத்தில் சாதி சமய பேதமில்லை. சங்க மண்டபத்தில், தலைவரின் மேசைக்கு முன்னால், ஒவ்வொருவரும் தங்கூசி என்கிற நைலோன் நூலில் தூண்டில் முள்ளைக் கோர்த்துச் சங்க முடிச்சைப் போட்டுக் காட்டவேண்டும். சித்தியடைந்தவனுக்கு ஜெட்டியில் இடம்.

மரியரட்ணத்துக்கு ஐந்தாறு வருடங்களாக நல்ல இடம், படிக்கட்டுக்குப் பக்கத்தில். இந்த வருடம்தான் சிக்கல். அவனுடைய வலது கைப் பெருவிரலும் சுட்டுவிரலும் இப்போது மடங்குவதில்லை. செல் பட்டதல்ல. செல்லுக்குப் பயந்து வளவுக்குள் பங்கர் வெட்டியபோது, மேலே அடுக்கக் கொண்டுவந்த பனங்குற்றி கையில் விழுந்துவிட்டது. செல் அந்த ஒழுங்கைப் பக்கம் எட்டியும் பார்க்கவில்லை. இதை அவன் வெளியில் அதிகம் சொல்வதில்லை. கேட்கிறவர்கள் தாங்களாகவே ஒரு செல்லைக் கற்பனை செய்து அனுதாபப்பட்டால், அதை அவன் தடுப்பதுமில்லை.

வழுக்குகிற தங்கூசியை முள்ளின் காதுக்குள் விட்டுச் சுற்றி, நுனியை மடித்து நுழைத்து இழுக்க, அந்த இரண்டு விரல்களும் வேண்டும். அதனால் மனைவி றோஸ் ஜெட்டிக்கு வந்து பக்கத்தில் இருந்து கட்டிக் கொடுத்தாள். சம்மாட்டியார் அதைக் கண்டுவிட்டார்.

"மரியரட்ணம், உன்ரை தூண்டிலை ஆர் கட்டினது?"

"றோஸ்."

"பொம்பிளை போட்ட முடிச்சோ?"

"மீன் அதெல்லாம் விசாரிக்கிறேல்லைச் சம்மாட்டியார்."

"மீன் விசாரியாது. நான் விசாரிப்பன். தன்ரை முள்ளைத் தானே கட்டேலாதவனுக்கு இந்த முறை இடமில்லை. வீட்டிலை இருந்து செபமாலையைச் சொல்லு."

பக்கத்தில் இருந்தவர்களுக்குச் சிரிப்பு. "தாலி கட்டேக்கை மடங்கின விரல்தானே அண்ணை, இப்ப என்ன வந்தது?" என்றான் ஒருவன்.

"அதுவும் தளர்வாத்தான் கட்டினவர்" என்றாள் றோஸ். "நான்தான் பிறகு இறுக்கினனான்."

ஜெட்டி முழுக்கச் சிரித்தது. மரியரட்ணம் சிரிக்கவில்லை. இடம் போனால் வீட்டில் நிவாரண அரிசியும் பருப்பும்தான். அதைக்கூடத் தின்றுவிடலாம். கிறகோரி விட்ட வழியில் தின்னப் பழகுவதுதான் அவனுக்குத் தொண்டைக்குள் இறங்காது.

அந்தச் சனிக்கிழமை பின்னேரம் அவன் கோயிற்பக்கம் போனபோது, பாட்டுக்குழுவில் கிற்றார் வாசிக்கும் லியோன் அறுந்த கம்பிக்குப் பதிலாக வேறொன்றைப் பூட்டிக்கொண்டிருந்தான். மரியரட்ணம் குனிந்து பார்த்தான். பிறகு இன்னும் கிட்டக் குனிந்து பார்த்தான்.

"லியோன், உதுக்கு முடிச்சு எங்கை?"

"எதுக்கண்ணை?"

"உந்தக் கம்பிக்கு. என்னெண்டு கழராமல் நிக்குது?"

"சுத்தினால் நிக்கும்தானே. இழுக்க இழுக்க இன்னும் இறுகும். முடிச்சுப் போட்டால்தான் அந்த இடத்திலை அறும்."

மரியரட்ணம் மடங்காத விரலால் அந்தச் சுற்றைத் தடவிப் பார்த்தான். பிறகு, "அறுந்த கம்பியளை எறிஞ்சுபோட்டியோ?" என்று கேட்டான்.

தடைக் காலத்தில் எவன் எதை எறிந்தான்? லியோன் அறுந்த கம்பிகளைச் சேர்த்து வைத்திருந்த விசுக்கோத்துப் பேணியைத் திறந்தான். "மாதாவுக்குப் பாடின கம்பி, அண்ணை. கண்டபடி கெளிறு பிடிச்சுப் போடாதையுங்கோ."

வீட்டில் மரியரட்ணம் கம்பியைக் குதிக்காலால் மிதித்துக்கொண்டு, இடது கையில் கம்பி வளைக்கும் குறட்டைப் பிடித்து வளைத்தான். முதலில் வந்தது கொசுவர்த்திச் சுருள் மாதிரி இருந்தது. அடுத்தது துள்ளிப்போய்க் கூரை ஓலைக்குள் குத்திக்கொண்டு நின்றது. கடைசியில் ஒன்று சரிவந்தது. ஒரு முனையில் முள்ளைக் கொளுவவும் கழற்றவும் வாய் திறந்த ஒரு வளையம், நடுவில் நேரான தண்டு, மறுமுனையில் பன்றிவால் மாதிரிச் சுருண்ட கொக்கி. தங்கூசியின் நுனியை மடித்துக் கொக்கிக்குள் போட்டு, தண்டைச் சில சுற்றுச் சுற்றி, திரும்பவும் கொக்கிக்குள் விட்டால் வேலை முடிந்தது. முடிச்சு இல்லை. பெருவிரலும் தேவையில்லை.

பரீட்சித்துப் பார்க்க அவன் கிணற்று வாளியைக் கழற்றித் தங்கூசியில் கொளுவினான்.

"வாளி போச்செண்டால் நீங்கள்தான் உள்ளை இறங்கிறது" என்றாள் றோஸ்.

வாளி நிறையத் தண்ணீரோடு மேலே வந்தது. றோஸ் அந்தத் தண்ணீரில் முகம் கழுவினாள். "கிறகோரிக்கும் ஒரு செம்பு கொண்டுபோங்கோ. அந்தாள் முகம் கழுவிக் கனகாலம்" என்றாள்.

சோதினைக்குச் சம்மாட்டியார் நீளக் காற்சட்டை போட்டு வந்தார். மேசையில் வெள்ளை விரிப்பு, அதன்மேல் சிலுவை, சிலுவைக்குப் பக்கத்தில் ஒரு பீங்கான் கோப்பையில் முட்கள். அவர் எழுந்து தொண்டையைச் செருமினார்.

"அன்பார்ந்த ஆழ்கடல் வீரர்களே! இது வெறும் முடிச்சு அன்று. கலிலேயாக் கடற்கரையிலே இராயப்பர் தமது திருக்கரங்களால் இட்ட முடிச்சு. அது வழிவழியாக வந்து, இன்று நமது சங்கத்தின் பாதுகாப்பிலே இருக்கிறது!"

"இராயப்பர் வலைக்காரர் எல்லே?" வாசலில் நின்ற றோஸ் சத்தமாகவே கேட்டாள். "தங்கூசியும் ஜப்பானிலை இருந்தல்லோ வந்தது."

இராயப்பர் ஜப்பானுக்குப் போனாரா என்று பின்வரிசையில் ஒரு சிறு விவாதம் கிளம்பியது. சம்மாட்டியார் மேசையில் தட்டி அதை அடக்கிச் சோதினையைத் தொடக்கினார்.

மற்றவர்கள் எச்சில் தொட்டுச் சுற்றிக்கொண்டிருக்கும்போதே மரியரட்ணம் எழுந்துபோய்த் தன்னுடையதை மேசையில் வைத்தான். சம்மாட்டியார் கண்ணாடியைப் போட்டார். கழற்றித் துடைத்துத் திரும்பவும் போட்டார்.

"முடிச்சு எங்கை?"

"இல்லை."

"இல்லையெண்டால்?"

"இல்லையெண்டால் இல்லைதான்."

சம்மாட்டியார் முள்ளை மேசைக் காலில் கொளுவித் தங்கூசியை இழுத்தார். அசையவில்லை. கையில் சுற்றிக்கொண்டு, ஒரு காலைத் தரையில் ஊன்றி இழுத்தார். மேசை அவரை நோக்கி நகர்ந்து வந்தது. சிலுவை சரிய, செயலாளர் பாய்ந்து பிடித்தார். கொக்கி அப்படியே இருந்தது. சம்மாட்டியாரின் உள்ளங்கை மட்டும் சிவந்துவிட்டது.

"கழரேல்லை" என்றார் மூச்சு வாங்க. "அதை நான் மறுக்கேல்லை. ஆனால் கட்டவுமில்லை. கட்டாத ஒண்டு கழராமல் நிக்கிறது ஒழுக்கக்கேடு. மரியரட்ணம் சித்தியடையவில்லை!"

மரியரட்ணம் தன் தூண்டிலை மேசைக் காலிலிருந்து கழற்றிச் சட்டைப்பையில் போட்டான்.

"எனக்கு உங்கடை சித்தி வேண்டாம் சம்மாட்டியார். நான் மீன் பிடிக்கிறவன். நாளைக்கு விடிய என்ரை இடத்திலை இருப்பன். ஏலுமெண்டால் தூக்கிக் கடலுக்குள்ளை எறியுங்கோ. இடுப்பளவு தண்ணிதான், நடந்து வந்திடுவன்."

விடிந்ததும் அவன் படிக்கட்டுக்குப் பக்கத்தில் இருந்தான். பக்கத்தில் றோஸ். முடிச்சுப் போட அல்ல, பார்த்துக்கொண்டிருக்க. சம்மாட்டியார் விசிலோடு வந்தார்.

"எழும்பு."

மரியரட்ணம் எழும்பவில்லை. சம்மாட்டியார் விசில் அடித்து, இரண்டு தடித்த உறுப்பினர்களைப் பார்த்துக் கையைக் காட்டினார். அவர்கள் இருவருக்கும் அந்த நேரம் பார்த்துத் தண்ணீருக்குள் ஏதோ சுவாரசியமாகத் தெரிந்தது. அவர் இன்னொரு முறை விசில் அடித்தார். மூன்றாம் முறை அடிக்க மூச்சு இல்லை.

"இவனோடை ஒருத்தரும் கதைக்கப்படாது! இரையும் குடுக்கப்படாது!" என்று கட்டளையிட்டுவிட்டுப் போனார்.

ஒருவரும் கதைக்கவில்லை. ஆனால் எல்லோரும் பார்த்தார்கள். அதுதான் சம்மாட்டியார் செய்த பிழை. கதைத்துக்கொண்டிருந்திருந்தால் இவ்வளவு கவனமாகப் பார்த்திருக்க மாட்டார்கள். மரியரட்ணம் முள்ளைக் கழற்றினான். பற்பசைக் குழாயை வெட்டிச் செய்த மினுங்கல் மீனைக் கொளுவினான். அது சரிவராமல் போக, திரும்பவும் முள்ளைக் கொளுவினான். நூலை அவன் வெட்டவேயில்லை. மற்றவர்களோ முள் மாற்றும்போதெல்லாம் முடிச்சை வெட்டி எறிந்தார்கள். ஒவ்வொரு வெட்டுக்கும் ஒரு சாண் தங்கூசி போனது. புதுத் தங்கூசி வர வழியில்லை. சங்க முடிச்சுக்குப் பலிகொடுத்துக் கொடுத்துச் சிலருடைய நூல் தண்ணீரைத் தொடுவதற்கே அவர்கள் குனியவேண்டி இருந்தது.

முதலில் லியோன் வந்து பக்கத்தில் குந்தினான். அவன் சங்கத்து ஆள் அல்ல. அவனைத் தள்ளிவைக்க வழியில்லை. பிறகு, தாலிக் கதை கேட்ட அதே ஆள் வந்து தலையைச் சொறிந்தான்.

"அண்ணை, எனக்கும் ஒண்டு…"

"தாறன். ஆனால் சம்மாட்டியாருக்கு முன்னாலை கொளுவோணும். ஒளிச்சு வைச்சுக் கொளுவிற ஆக்களுக்கு நான் செய்யிறேல்லை."

அவன் யோசித்தான். தன் நூலைப் பார்த்தான். "சரி" என்றான்.

அடுத்தடுத்து ஆட்கள் வந்தார்கள். விசுக்கோத்துப் பேணி காலியாகியது. பாட்டுக்குழுக் கிற்றாரில் சுகதேகியாக இருந்த கம்பிகளும் திடீர் திடீரென்று அறத் தொடங்கின. ஒரு ஞாயிறு பூசையில் லியோன் இரண்டே கம்பியில் வாசித்தான். ஜெட்டியில் இருந்து வந்தவர்கள் அன்று என்றுமில்லாத பக்தியோடு பாடினார்கள்.

சம்மாட்டியார் அவசரப் பொதுக்கூட்டம் கூட்டினார். வந்தவர்கள் எல்லோருடைய சட்டைப்பையிலும் அது மினுங்கிக்கொண்டிருந்தது. ஒளித்து வைப்பதில்லை என்றல்லவா பேச்சு? அவர் வரிசையாக ஒவ்வொரு பையாகப் பார்த்தார். நீளக் காற்சட்டையை மேலே இழுத்துவிட்டார்.

"சங்கம் புதுமைக்கு எதிரி அல்ல" என்றார். "மரியரட்ணம் ஒரு மன்னிப்புக் கேட்டால் போதும். இதை நாங்கள் 'கிறகோரிக் கொளுக்கி' எண்ட பேரிலை அங்கீகரிப்பம்."

எல்லோரும் மரியரட்ணத்தைத் திரும்பிப் பார்த்தார்கள்.

"பேரை நீங்களே வைச்சுக்கொள்ளுங்கோ. அது சும்மா கிடக்கிறதுதானே. இடம் என்ரை. மன்னிப்பு இல்லை."

"ஒரு சொல்லுத்தானே மரியரட்ணம்."

"அந்தச் சொல்லு என்ரை வாயிலை மடங்காது."

ஒருவரும் சிரிக்கவில்லை. சம்மாட்டியார் கூரையைப் பார்த்தார், சிலுவையைப் பார்த்தார், கடைசியில் செயலாளரைப் பார்த்தார்.

"மன்னிப்புக் கேட்கப்பட்டதாகக் கருதப்படும்" என்று அறிவித்தார்.

"கேக்கேல்லை எண்டதையும் சேர்த்துச் சொல்லுங்கோ" என்றான் மரியரட்ணம்.

"கேட்கப்படாவிட்டாலும் கேட்கப்பட்டதாகக் கருதப்படும்! படிக்கட்டுப் பக்கம் மரியரட்ணத்துக்கு!"

அங்குரார்ப்பண விழா அடுத்த வாரம் ஜெட்டியில் நடந்தது. மாவிலையில்லாத குறைக்குத் தென்னங்குருத்துத் தோரணம். சம்மாட்டியார் நாடா வெட்டினார். இது பொருளாதாரத் தடையின் மென்னியில் மாட்டப்பட்ட கொளுக்கி என்றார், கொழும்பு நடுங்கும் என்றார், இராயப்பர் இன்று இருந்தால் முடிச்சைக் கைவிட்டு இதைத்தான் கொளுவியிருப்பார் என்றார். பேச்சு முடிய வெய்யில் உச்சிக்கு வந்துவிட்டது. மரியரட்ணம் மாலைக்கு நிற்கவில்லை. முன்னமே போய்ப் படிக்கட்டுக்குப் பக்கத்தில், தன்னுடைய இடத்தில், காலைத் தொங்கப்போட்டுக்கொண்டு இருந்தான். விசில் ஊதியதும் சங்கம் முழுவதும் ஒரே நேரத்தில் முடிச்சில்லாத் தூண்டில்களைத் தண்ணீரில் எறிந்தது. கைதட்டல் மண்டைதீவுக்கே கேட்டிருக்கும், மீன்களுக்கும்.

பொழுதுபடும்வரை இருந்தார்கள். ஒருவருக்கும் ஒரு மீனும் படவில்லை.